இருபதாவது நிமிஷம்

இல்ல சார், லிஃப்ட் கதவை நெம்பாதீங்க. அந்தக் கத்தரிக்கோலைப் பைக்குள்ளயே போட்டுருங்க. நெம்பினா கதவு திறக்காது, உள்ள இருக்கிற பூட்டுதான் கோணிக்கும், அப்புறம் கால் மணி நேர வேலை ஒரு மணி நேரமாயிடும். மெக்கானிக் கெளம்பிட்டார். பைக்ல வர்றார். பதினஞ்சு நிமிஷம்னு சொல்லியிருக்கார், ட்ராஃபிக் இருந்தா ரெண்டு மூணு கூட ஆகும். கொஞ்சம் சத்தமா பேசுங்க சார். பட்டனுக்கெல்லாம் மேல சல்லடை மாதிரி ஓட்டை ஓட்டையா இருக்கும் பாருங்க, அதுக்குக் கிட்ட வந்து பேசுங்க. ஆங், இப்ப கேக்குது.

மூச்சு முட்டாது சார். எல்லாரும் மொதல்ல அதத்தான் கேப்பாங்க. லிஃப்டுங்கிறது மூடி போட்ட டப்பா இல்ல, மேலயும் கீழயும் இடுக்கு விட்டுத்தான் செஞ்சிருப்பாங்க, காத்து வந்துகிட்டேதான் இருக்கும். ஃபேன் ஓடுதா? லைட்டு எரியுதா? அப்பக் கரண்டும் இருக்கு. நாலாவது மாடிக்கும் அஞ்சாவது மாடிக்கும் நடுவுல நிக்கிறீங்க, அவ்வளவுதான். கயிறா? அறாது சார். ஒண்ணு அறுந்தாலும் தாங்குறதுக்கு இன்னும் நாலஞ்சு இருக்கு. நம்ம சொந்தக்காரங்களை விடக் கெட்டி. சிரிச்சுட்டீங்கல்ல, அப்படித்தான்.

இப்ப ரெண்டு கேள்வி கேப்பேன், யோசிச்சுச் சொல்லுங்க. நெஞ்சு வலி, பிரஷர், சுகர், இழுப்பு, இந்த மாதிரி ஏதாவது இருக்கா? பிரஷர் மாத்திரை காலையில போட்டாச்சு. சரி. உங்ககூட வேற யாராவது இருக்காங்களா? பின்னாடி, மூலையில? திரும்பிப் பாத்துச் சொல்லுங்க. நிச்சயமா யாரும் இல்லையே? ஐயோ, கிண்டல் பண்ணல சார். நாலு பேர் நிக்கிற லிஃப்ட், மறைஞ்சுக்க இடம் ஏது, எனக்கும் தெரியும். ரெண்டு தடவை கேக்கிறது இப்ப கொஞ்ச நாளா வந்த பழக்கம்.

கையில என்ன மூட்டை? ஜன்னல் திரையா? நீங்களே தைச்சதா? அப்ப அது மேலயே உக்காந்துக்கோங்க. கசங்கினா என்ன, தேய்ச்சுக்கலாம். நின்னுக்கிட்டே இருந்தாத்தான் பதட்டம் ஏறும். செருப்பைக் கழட்டிட்டுக் காலை நீட்டுங்க. அஞ்சாவது மாடிக்காரங்க காத்திருக்கட்டும், இத்தனை நாள் திரை இல்லாம இருந்தவங்க இன்னும் பத்து நிமிஷம் இருந்தா ஒண்ணும் குடி முழுகாது.

கட் பண்ண மாட்டேன். எங்க ஆபீஸ்ல மொத ரூலே அதுதான். உள்ள மாட்டிக்கிட்டவங்க வெளியில கால் வைக்கிற வரைக்கும் லைனை வைக்கக் கூடாது. பேச்சுக் கொடுத்துக்கிட்டே இருக்கணும். எனக்குச் சம்பளமே வாயாடுறதுக்குத்தான். பதினோரு வருஷமா இதே நாற்காலி.

அண்ணேன்னு கூப்பிடுறதா? எனக்கும் அப்படித்தான் வருது சார், ஆனா கூடாது. சார், மேடம், இந்த ரெண்டு தவிர வேற வார்த்தை வரக்கூடாது. எல்லாம் ரெக்கார்ட் ஆகுது. பயப்படாதீங்க, ரெக்கார்ட் ஆகுமே தவிர யாரும் உக்காந்து கேக்க மாட்டாங்க. இருபது நிமிஷத்தைத் தாண்டின போன் கால் மட்டும் தன்னால சூப்பர்வைசர் மேடம் கம்ப்யூட்டருக்குப் போயிடும். மறுநாள் காலையில அவங்க காபியும் கையுமா உக்காந்து ஒரு இருமல் விடாம கேப்பாங்க. இருபதுக்குள்ள முடிஞ்சா ஈ காக்கா கேக்காது. உங்களது இப்ப மூணரை நிமிஷம்தான். முடிஞ்சுடும்.

எந்தச் சத்தம்? ஓ, அதுவா. உங்களுக்கு அங்க வரைக்கும் கேக்குதா? சிரிப்புச் சத்தந்தான். எனக்குப் பின்னாடி எங்க சாப்பாட்டு ரூம், நடுவுல ஒரு கண்ணாடிக் கதவு. அங்க பார்ட்டி நடக்குது. பிரைடல் ஷவர்ம்பாங்க, கேள்விப்பட்டிருக்கீங்களா? உங்க பொண்ணுக்கு அவ ஆபீஸ்ல செஞ்சாங்களா? அதேதான். கல்யாணத்துக்கு முன்னாடி பொண்ணை நடுவுல உக்கார வச்சு, கேக் வெட்டி, பரிசு கொடுத்து, வாய் வலிக்கக் கிண்டல் பண்ணி அனுப்பி வைக்கிறது.

கல்யாணப் பொண்ணா? நான்தான் சார்.

தேங்க்ஸ். தேங்க்ஸ் சார். ஆமா, தலையில காகிதக் கிரீடம் இருக்கு, அதுக்கு மேல ஹெட்செட்டை மாட்டியிருக்கேன். தோள்லேருந்து இடுப்பு வரைக்கும் ரிப்பன் வேற, கல்யாணப் பொண்ணுன்னு பெருசா எழுதி. மறந்துடக் கூடாதுன்னு போல. இல்ல, லைன்ல உக்கார வேண்டியது நான் இல்ல. வேலைக்குப் புதுசா சேந்தவ ஒருத்தி இருக்கா, மூணு மாசந்தான் ஆச்சு, அவளைத்தான் இந்த ஒரு மணி நேரத்துக்குப் போட்டிருந்தேன். உங்க மணி அடிச்சதும் நான் ஓடி வந்து அவளை எழுப்பி விட்டுட்டு உக்காந்துட்டேன். போ, போயி கேக் சாப்பிடுன்னுட்டேன். கல்யாணப் பொண்ணே எழுந்து ஓடுறாளேன்னு உள்ள எல்லாரும் வாயைப் பொளந்துகிட்டு நிக்கிறாங்க. கடமை உணர்ச்சின்னு நெனச்சிருப்பாங்க. நெனச்சுக்கட்டும்.

யார் ஏற்பாடு பண்ணினதுன்னா கேக்குறீங்க? அதுவும் நான்தான். சிரிக்காதீங்க சார், இங்க வழக்கமே அப்படி. இந்த ஆபீஸ்ல ஷிப்ட் சார்ட் போடுறது நான். யாரு எப்ப லைன்ல, யாரு எப்பச் சாப்பாட்டுக்கு, யாருக்கு எந்தக் கிழமை லீவு, எல்லாம் என் கையில. லிஃப்டு காலையில ஒம்போது மணிக்கும் சாயங்காலம் ஆறு மணிக்கும்தான் அதிகமா நிக்கும், எல்லாரும் ஒண்ணா ஏறுறாங்கல்ல. மத்தியானம் மூணுலேருந்து நாலு வரைக்கும் உங்களை மாதிரி ஒருத்தர் ரெண்டு பேர்தான். முன்னாடி ஒரு பொண்ணுக்கு அவங்களா சேர்ந்து சாயங்காலம் அஞ்சரைக்கு வச்சாங்க. கத்தியைக் கேக்ல வச்ச நேரம் ஒம்போது லைனும் ஒண்ணா அடிச்சுது. ஊதுன பலூனைக் கையில பிடிச்சுக்கிட்டே எல்லாரும் பேசினாங்க. அன்னிலேருந்து மேடம் சொல்லிட்டாங்க, சார்ட் போடுறவதான் பார்ட்டியும் போடணும்னு. பதினோரு வருஷத்துல எத்தனை பேருக்குப் போட்டிருப்பேன். கடைசியில என் தலையிலயே வந்து விடிஞ்சுது.

வேற யார்கிட்டயாவது விடலாமேன்னா, விட்டேனே. எங்க ஆபீஸ்ல ஒருத்தி இருக்கா, நாங்க ரேடியோன்னு கூப்பிடுவோம். வாயை மூடத் தெரியாது, மனசு தங்கம். அவ நான் பாத்துக்கிறேன்க்கான்னு எடுத்துக்கிட்டா. எடுத்துக்கிட்டு, அக்கா கேக் எங்க சொல்றது, அக்கா கிரீடம் என்ன அளவு, அக்கா உனக்குச் சர்ப்ரைஸா ஒண்ணு பண்றோம் அதுக்கு எத்தனை நாற்காலி வேணும்னு பத்து நிமிஷத்துக்கு ஒரு தடவை வந்து நின்னா. எனக்கு வைக்கிற சர்ப்ரைஸுக்கு நானே நாற்காலி எண்ணிக் கொடுத்தேன் சார். வேற வழியில்லாம பொறுப்பைத் திரும்ப நானே வாங்கிக்கிட்டேன்.

மாப்பிள்ளையா? மாப்பிள்ளை கவர்மெண்ட் ஆபீசர் சார். தராசு, எடைக்கல்லு எல்லாம் சரியா இருக்கான்னு சோதிக்கிற அதிகாரி. நல்ல வேலை. ஊர் ஊராப் போயிக்கிட்டே இருப்பார், அதான் இங்க யாரும் பாத்ததில்ல. கல்யாணம் ரொம்பச் சிக்கனமா, அவங்க ஊர்ல, வீட்டு ஆளுங்க மட்டும். குணம்? அளந்துதான் பேசுவார். உயரம் என்னை விடக் கொஞ்சம் கூட. கண்ணாடி போடுவார், தூரத்துக்கு மட்டும்.

பேரா?

பேர் இன்னும் வைக்கல சார்.

ஆமா. நீங்க கேட்டது சரிதான். இருங்க, மெக்கானிக் என்ன மெசேஜ் போட்டிருக்கார்னு பாக்கிறேன். பாலத்துகிட்ட நெரிசலாம், வந்துடுறேங்கிறார். ஏழு நிமிஷம் ஆச்சு. கால் மரத்துப் போச்சுன்னா மடக்கிக்கோங்க.

என்னமோ தெரியல, உங்ககிட்ட வந்துடுச்சு. ஒன்றரை மாசமா யார்கிட்டயும் வரல. ஏமாத்துறதுக்கு இல்ல சார், லீவுக்காக. இங்க ஒரு வாரத்துக்கு மேல லீவு வேணும்னா நாலே நாலு வழிதான். சொந்தக் கல்யாணம், பிரசவம், வீட்டுல சாவு, இல்லன்னா கம்பெனி டாக்டர் பாத்துக் கையெழுத்துப் போட்ட நோய். எனக்கு ரெண்டு வாரம் வேணும். ஒரு சின்ன ஆபரேஷன். கம்பெனி டாக்டர்கிட்டப் போக முடியாது, ஏன்னு அப்புறம் சொல்றேன். பிரசவம்னு சொன்னா வயித்தைக் காட்டணும். சாவுன்னா, எங்கப்பா போனதுக்கு ஏற்கெனவே எடுத்தாச்சு, மிச்சம் இருக்கிறது எங்கம்மா ஒருத்திதான், லீவுக்காக அவங்களைக் கொல்ல மனசு வரல. அப்ப என்ன மிச்சம்?

மேடம் முன்னாடி உக்காந்திருக்கேன், கல்யாணம்னுட்டேன். அவங்க முகம் அப்படியே மலர்ந்துடுச்சு. எழுந்து வந்து கட்டிப் பிடிச்சுக்கிட்டாங்க. மாப்பிள்ளை என்ன பண்றார்னாங்க. அவங்க தலைக்கு மேல ஒரு பழைய லிஃப்ட் பலகை மாட்டியிருக்கும், எட்டு பேர், ஐந்நூத்தி நாப்பத்தி நாலு கிலோன்னு. கிலோவைப் பாத்தேன், தராசு அதிகாரின்னுட்டேன். அவ்வளவுதான் சார் அந்த மனுஷனோட பூர்வீகம்.

காதும் காதும் வச்ச மாதிரி முடிஞ்சுடும்னு நெனச்சேன். லீவு ஃபார்ம், கையெழுத்து, ரெண்டு வாரம், திரும்பி வந்து ஏதோ ஒத்து வரலன்னு சொல்லிக்கலாம். அன்னைக்குச் சாயங்காலத்துக்குள்ள ரேடியோ ஒலிபரப்பிட்டா. அதுக்கப்புறம் தினம் ஒண்ணு. முப்பத்தொம்போது வயசுல கல்யாணம் ஆகப்போற அக்கான்னா சும்மா விடுவாங்களா? ரேடியோ அவ லீவு நாளை விட்டுட்டு இன்னைக்கு வந்திருக்கா. வேற கிளைக்குப் போனவ ஒருத்தி ரெண்டு பஸ் மாறி வந்திருக்கா. காபிக் கப்பு ஜோடியா வாங்கியிருக்காங்க, பேர் போட்டு. அவர் பேர் என்னன்னு விரட்டி விரட்டிக் கேட்டப்போ, எனக்கு வெக்கமா இருக்குன்னு சொல்லித் தப்பிச்சேன். இப்ப ஒரு கப்புல என் பேரு, இன்னொண்ணுல வெறும் மாப்பிள்ளைன்னு இருக்கு. அதைப் பாத்ததும் எனக்கு அழுகை முட்டிக்கிட்டு வந்துது. சந்தோஷத்துல அழுறான்னு எல்லாரும் கை தட்டினாங்க.

எங்கம்மாகிட்ட சொன்னேன். சொல்லித்தானே ஆகணும், இவங்க யாராவது வீட்டுக்கு போன் பண்ணினா? அம்மா ரெண்டு நாள் பேசல. மூணாவது நாள் எனக்குப் புதுத் துணி எடுத்துட்டு வந்து கட்டில்ல வச்சாங்க. பொய்க் கல்யாணத்துக்கு எதுக்கும்மான்னா, யாராவது கேட்டா காட்டணுமேங்கிறாங்க. அப்புறம் குளியலறையில தண்ணியைத் திறந்து விட்டுட்டு அழுதிருக்காங்க, எனக்குக் கேக்கக் கூடாதுன்னு. எனக்குக் கேக்கவும் இல்ல. வெளியில வந்தப்புறம் கண்ணைப் பாத்துத்தான் தெரிஞ்சுது.

உங்களுக்காவது மெக்கானிக் வர்றார் சார். வெளியிலேருந்து ஒருத்தர் சாவி போட்டுத் திறந்து விட்டுடுவார். நான் மாட்டிக்கிட்டிருக்கிற இடத்துக்கு மணி அடிக்கிற பட்டன் கூட இல்ல. நானே உள்ள போயி, நானே கதவைச் சாத்தி, நானே சார்ட் போட்டு, நானே நாற்காலி எண்ணி வச்சேன்.

இருங்க, கண்ணாடியைத் தட்டுறாங்க. ரேடியோதான். கையால ஏதோ காட்டுறா. வர்றேன், வர்றேன், ஆள் உள்ள இருக்கார். பாவம், பரிதாபமாப் பாக்கிறா. கண்ணைக் கட்டுற துணியைக் கையில வச்சுக்கிட்டு நிக்கிறா. அது விளையாட்டுக்கு. கேக் வெட்டியாச்சு, கப்பு கொடுத்தாச்சு, இனி மிச்சம் இருக்கிறது அந்த விளையாட்டு ஒண்ணுதான். உண்மையைச் சொன்னா அதுக்குப் பயந்துதான் உங்க போன் காலுக்கு ஓடி வந்தேன். நீங்க லிஃப்ட்ல மாட்டினது எனக்கு எவ்வளவு நிம்மதியா இருந்துதுன்னு சொன்னா அடிக்க வருவீங்க.

என்ன விளையாட்டுன்னா, இது எங்க ஆபீஸ்ல மட்டும் இருக்கிறது. வேற எங்கயும் இருக்காது, ஏன்னா நான் கண்டுபிடிச்சது. நாங்க எல்லாம் குரலை வச்சுப் பொழைக்கிறவங்க. எல்லாரும் ஹெட்செட்டை இடது காதுலதான் மாட்டுவோம், வலது கை எழுதணும்ல. அதனால இடது காதுக்கு இங்க வேலைக்காதுன்னே பேரு. கல்யாணப் பொண்ணு கண்ணைக் கட்டி உக்கார வச்சு, வலது காதுல ஒரு ஹெட்செட்டை மாட்டி, அதுல காத்திருக்கச் சொல்லும்போது ஒரு பாட்டு ஓடுமே, அதை முழுச் சத்தத்துல ஓட விட்ருவோம். ஒவ்வொருத்தரா வந்து இடது காதுல ரகசியமா ஒரு வாழ்த்துச் சொல்லுவாங்க. கிசுகிசுன்னு, காத்தாத்தான் வரும். அது யாருன்னு சொல்லணும். வேலைக்காது எவ்வளவு கூர்மைன்னு பாக்கிறதுதான் விளையாட்டு. இதுவரைக்கும் பதினாலு பேர்ல பத்துக்கு மேல யாரும் சொன்னதில்ல. நான் வேற எல்லார் பார்ட்டியிலயும் சவடால் விட்டிருக்கேன், என்னை உக்கார வச்சுப் பாருங்கடி, பதினாலுக்குப் பதினாலுன்னு. ரேடியோ இதுக்காகவே வருஷக் கணக்காக் காத்துக்கிட்டிருக்கா.

எடுத்துட்டிருக்கலாம், வாஸ்தவம். பார்ட்டி போடுறது நான்தானே, விளையாட்டு வேண்டாம்னு சொல்லிட்டிருக்கலாம். நேரம் பத்தாதுன்னு சொல்லிப் பாத்தேன். சார்ட்ல இன்னும் பத்து நிமிஷம் சேத்துக் கொண்டு வந்து காட்டினா ரேடியோ. நான் போட்ட சார்ட்டை எனக்கே திருத்திக் காட்டுறா.

எனக்கு இடது காது கேக்காது சார்.

சத்தமா சொல்லணுமா? இடது காது கேக்காது. ஆரம்பிச்சு ஒரு வருஷத்துக்கு மேல ஆச்சு. கொஞ்சம் கொஞ்சமாப் போச்சு. மொதல்ல லைன் சரியில்லன்னு நெனச்சேன், மெஷின்காரங்ககிட்டக்கூட சண்டை போட்டேன். உள்ள இருக்கிற குட்டி எலும்பு ஒண்ணு இறுகிப் போச்சாம், அசைய மாட்டேங்குதாம். அதை எடுத்துட்டு வேற ஒண்ணு வைக்கணும். நாளன்னைக்கு ஆபரேஷன். வந்தா வரும், வராமலும் போகலாம்னு டாக்டர் சொல்லிட்டார். இப்ப ஹெட்செட் வலது காதுல இருக்கு. இடது பக்கம் தோடு உறுத்துதுன்னு சொல்லி மாத்திக்கிட்டேன், யாரும் கேக்கல. வலதுலயும் லேசா ஆரம்பிச்சிருக்குன்னு போன வாரம் சொன்னார். அதான் உங்களைச் சத்தமா பேசுங்க, சத்தமா பேசுங்கன்னு உயிரை எடுத்துக்கிட்டிருக்கேன். லைன் நல்லாத்தான் இருக்கு.

கம்பெனி டாக்டர்கிட்டப் போயிருந்தா? மறுநாளே எழுப்பி விட்டுடுவாங்க சார். காது சரியில்லாதவங்க லைன்ல உக்காரக் கூடாது, அது நியாயமான ரூல்தான். எங்ககூட ஒரு பெரியக்கா இருந்தாங்க, என்னை இந்த வேலையில பழக்கினவங்க. காது மந்தமாச்சு, கீழ் தளத்துல ஸ்பேர் பார்ட்ஸ் ரூமுக்கு அனுப்பிட்டாங்க. சம்பளம் அதே சம்பளம்தான். காலையிலேருந்து சாயங்காலம் வரைக்கும் பல்பு, பட்டன், ஸ்க்ரூ. ஒரு மனுஷக் குரல் கிடையாது. நான் டீ குடிக்கப் போனா என் கையைப் பிடிச்சுக்கிட்டு விட மாட்டாங்க. எனக்கு இந்த வாயைத் தவிர வேற எதுவும் தெரியாது சார். நான் கீழ போனா செத்துடுவேன்னு நெனச்சேன். இப்பவும் அப்படித்தான் நெனக்கிறேன்.

வந்துட்டாரா? தட்டுறாரா? ஆமா, அவர்தான், ரெண்டு தடவை தட்டி ஒரு தடவை நிறுத்துவார். எழுந்து நில்லுங்க, கதவுகிட்ட வேணாம், பின்னாடி சுவத்துல சாஞ்சு நில்லுங்க. கொஞ்சம் குலுங்கும். மேல கொண்டு போயி அஞ்சாவது மாடியிலயே நிறுத்திடுவார். பயப்படாதீங்க, அது அப்படித்தான் குலுங்கும்.

திறந்துடுச்சா? வெளிச்சம் தெரியுதா? ரொம்ப சந்தோஷம் சார். பதினேழு நிமிஷம். பாருங்க, சொன்ன மாதிரியே முடிஞ்சுது.

சார், இருங்க. போயிடாதீங்க.

கதவு திறந்துதான் இருக்கும், மெக்கானிக்கைப் பிடிச்சுக்கச் சொல்லுங்க, அவருக்கு என்னைத் தெரியும். நீங்க ஒரு காலை வெளியில வச்சுக்கோங்க, ஒரு காலை உள்ள வச்சுக்கோங்க. இன்னும் மூணு நிமிஷம் என்கூடப் பேச்சுல இருங்க. லைனைச் சும்மா திறந்து வச்சும் நான் பேசலாம். ஆனா சுவத்துகிட்டப் பேச எனக்கு வராது. முகத்தைப் பாத்துப் பேசவும் வரல. மூணு தடவை மேடம் ரூம் வாசல் வரைக்கும் போயிட்டுத் திரும்பிட்டேன். பதினோரு வருஷமா முகம் தெரியாதவங்ககிட்டயே பேசிப் பேசி இப்படி ஆகிப்போச்சு.

இருக்கீங்களா? சரி.

போன மாசம் பதினாலாம் தேதி, மத்தியானம் மூணு இருபதுக்கு ஒரு கால். ஒரு அம்மா, ஐம்பது வயசு இருக்கும். லிஃப்ட் நின்னுடுச்சு, வாங்கன்னாங்க. கத்தல, அழல, ரொம்ப அமைதியாப் பேசினாங்க. நான் இடது காதுல மாட்டியிருந்தேன். நீங்க தனியாத்தான் இருக்கீங்களான்னேன். ஏதோ சொன்னாங்க, ஆமான்னுதான் நானா எடுத்துக்கிட்டேன். வழக்கம் போல வரிசையில மெக்கானிக்கை அனுப்பிட்டு, உங்ககிட்ட பேசின மாதிரியே காத்து வரும், கயிறு அறாதுன்னு பேசிக்கிட்டிருந்தேன். பதினேழு நிமிஷம். கதவைத் திறந்தா உள்ள அவங்க அம்மா கீழ சாஞ்சு கெடக்குறாங்க. எழுபத்தெட்டு வயசு. மூச்சு இழுத்துக்கிட்டிருக்கு. அதுக்கப்புறம்தான் ஆம்புலன்ஸ். உள்ள முடியாதவங்க இருக்காங்கன்னு தெரிஞ்சா நாங்க மொத நிமிஷத்துலயே ஆம்புலன்ஸ் அனுப்பணும், பக்கத்துல எந்த மெக்கானிக் இருந்தாலும் இருக்கிற வேலையைப் போட்டுட்டு ஓடணும்.

பொழைச்சுட்டாங்க. ஒம்போது நாள் ஆஸ்பத்திரியில இருந்துட்டு வீட்டுக்குப் போனாங்க. யாரும் என்னைக் கேக்கல. இருபதுக்குள்ள முடிஞ்ச கால்தானே, யாரு கேப்பா? நான்தான் அன்னைக்கு எல்லாரும் போனப்புறம் அதை எடுத்து வலது காதுல வச்சுக் கேட்டேன். அந்த அம்மா மூணு தடவை சொல்லியிருக்காங்க. எங்கம்மாவுக்கு முடியல, எங்கம்மாவுக்கு முடியலன்னு. ஒவ்வொரு தடவையும் நான் கயிறு அறாது மேடம்ங்கிறேன். அது என் குரல்தான்.

மறுநாள்தான் தோடு உறுத்துதுன்னு சொன்னேன். அந்த வாரந்தான் மாப்பிள்ளை பொறந்தார்.

பத்தொம்போதரை. மேடம், நீங்க நாளைக்குக் காலையில இதைக் கேப்பீங்க. பதினாலாம் தேதி, மூணு இருபது. அதையும் எடுத்துக் கேளுங்க. நான் வாயால சொல்றதை விட அது நல்லாச் சொல்லும். லீவு ஃபார்மைக் கிழிச்சுட்டு வேற எழுதித் தர்றேன். கீழ அனுப்புறதா இருந்தாலும் சரி.

இருபது.

ஆச்சு. அவ்வளவுதான். இனி இதை யாரும் அழிக்க முடியாது, நானே நெனச்சாலும். ரொம்ப தேங்க்ஸ் அண்ணே. ஆமா, அண்ணேதான், அதையும் சேத்துக் கேக்கட்டும். மூட்டையை மறந்துடாதீங்க. மெக்கானிக் தம்பிகிட்ட கதவை விட்டுடச் சொல்லுங்க, பாவம் எவ்வளவு நேரம் பிடிச்சுக்கிட்டு நிப்பார். திரையை உதறி மாட்டுங்க, உக்காந்த சுருக்கம் தெரியாது.

நானா? நானும் உள்ள போகணும். ரேடியோ துணியை வச்சுக்கிட்டு இன்னும் அங்கயேதான் நிக்கிறா. கண்ணைக் கட்டட்டும், விளையாட்டைச் சும்மா விட வேண்டாம், ரெண்டு பஸ் மாறியெல்லாம் வந்திருக்காங்க. போனதும் மொதல்ல அவங்ககிட்ட ஒண்ணு சொல்லணும், எல்லாரும் எழுந்து என் வலது பக்கமா வந்து உக்காருங்கடின்னு.